அம்மாவுக்குச் சுடவில்லை

மார்ச் 9

அம்மாவை மதுரைக்குக் கூட்டிப் போனேன். உண்மையில் அவள்தான் என்னைக் கூட்டிப் போனாள். எனக்கு மாத்திரை வாங்குகிற நாள். தூக்கத்துக்கான மாத்திரை. வந்ததுதான் வந்தோம், அவளுடைய சர்க்கரையையும் பார்த்துவிடலாம் என்று நான் சொன்னேன்.

சர்க்கரை பார்க்கும் டாக்டர் என்னைவிட நாலைந்து வயது மூத்தவராக இருக்கலாம். கையில் ஒரு நைலான் இழை, தூண்டில் நரம்பு மாதிரி. அம்மாவைக் கண்ணை மூடச் சொல்லிவிட்டு உள்ளங்காலில் அங்கங்கே அதை வைத்து அழுத்தினார்.

"தொடும்போது சொல்லுங்கம்மா."

"சரிங்க."

அழுத்தினார். இழை வளைந்தது. அம்மா காத்திருந்தாள்.

"தொட்டா உடனே சொல்லணும்மா."

"நீங்க தொடுங்க டாக்டரம்மா, நா சொல்றேன்."

அதற்குள் இரண்டு பாதமும் முடிந்திருந்தது.

சீட்டில் 'பெரிஃபெரல் நியூரோபதி' என்று எழுதினார். கணுக்கால் வரை உணர்வு இல்லை. வீட்டுக்குள்கூடச் செருப்பில்லாமல் நடக்கக் கூடாது. தினமும் உள்ளங்காலைப் பார்க்க வேண்டும். "நீங்கதான் பாக்கணும்," என்றார் என்னிடம். "முள்ளு ஏறினாலும் அவங்களுக்குத் தெரியாது. சின்னப் புண்ணு போதும், கால் போயிடும்."

பஸ்ஸில் அம்மா சொன்னாள்: "அந்தப் பிள்ள கடசிவரைக்கும் தொடவே இல்லயேடா. புதுசு போல. பயந்துருச்சு."

மார்ச் 10

சொல்லைப் பற்றி.

கிரேக்கம். நியூரோன் என்றால் நரம்பு. அதற்கும் முன்னால், வில்லின் நாண். பாதோஸ் என்றால் படுவது, துன்பம். ஆக, நரம்பு படும் துன்பம். ஆனால் அம்மா எதுவும் படவில்லை. துன்பம் நின்றுபோன ஒன்றுக்குத் துன்பத்தின் பெயரை வைத்திருக்கிறார்கள்.

கலைச்சொல் அகராதியில் 'புற நரம்பு நோய்'. ஆஸ்பத்திரி நர்ஸ் 'மதமதப்பு' என்றார். அம்மா, 'காலு கட்டையாட்டம் கிடக்கு' என்கிறாள். அம்மாவின் சொல்தான் காலுக்குப் பக்கத்தில் இருக்கிறது.

நீளமான நரம்புகள் முதலில் சாகும் என்று படித்தேன். முதுகிலிருந்து நெடுந்தூரம் போனவை. அந்த வரியைத் திரும்ப வாசித்தேன்.

நான் ஹைதராபாத்திலிருந்து வந்து இரண்டு மாதமாகிறது. தத்துவத்தில் ஆராய்ச்சி. இப்போது ஓய்வு.

சவரக் கத்தி கேட்டேன். "மாரிய வரச் சொல்லிருக்கேன், முடி வெட்டயில சேத்து எடுத்துவிடுவாப்ல," என்றாள். மொட்டை மாடிக் கதவின் சாவியும் அதன் ஆணியில் இல்லை.

மார்ச் 13

பக்கத்து வீட்டு ராக்கம்மா அத்தை, நான் இருப்பது தெரிந்தே அம்மாவிடம் கேட்டாள்: "என்ன மதினி, மகனுக்கு நரம்புத் தளர்ச்சிங்கிற, கொடியில காயப்போட்ட வேட்டியாட்டம்ல தொங்கிக்கிட்டுத் திரியிறான்?" பிறகு என்னிடம்: "முருங்கக்கீர தின்னுப்பா. எங்க வீட்டு மனுசனுக்கு நரம்புன்னு ஒண்ணு இருக்கா இல்லயான்னே தெரியல. நா ஓட்டலியா?"

நரம்புத் தளர்ச்சி. அம்மாதான் ஊரில் அப்படிச் சொல்லி வைத்திருக்கிறாள். விடுதியில் நடந்ததற்கு அவளிடம் வேறு சொல் இல்லை. என்னிடமும் இல்லை.

மார்ச் 15

அம்மா பூக்குழி இறங்கப் போகிறாள்.

சோறு போட்டுக்கொண்டே சொன்னாள். ஜனவரியில், வார்டன் போன் செய்த அன்றைக்கே நேர்ந்துகொண்டாளாம். "பிள்ளய முழுசாக் குடு, பூவுல எறங்குறேன்னு ஆத்தாட்ட சொல்லிட்டேன். குடுத்துட்டா. எறங்கணும்ல."

டாக்டர் சொன்னதைச் சொன்னேன். சீட்டை எடுத்துக் காட்டினேன். உன் காலில் நரம்பு செத்துப்போய்விட்டது என்றேன்.

"உனக்குத்தானடா நரம்பு. எனக்குச் சக்கர," என்றாள். ரசம் ஊற்றினாள்.

மார்ச் 18

காப்பு கட்டிவிட்டார்கள். அம்மாவின் மணிக்கட்டில் மஞ்சள் துணி, உள்ளே மஞ்சள் கிழங்கு. இனிமேல் பூக்குழி முடிந்து காப்பு அவிழ்க்கும்வரை ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது. செருப்புப் போடக் கூடாது. ஒரு வேளைச் சாப்பாடு.

பஜாரில் சர்க்கரைக்காரர்கள் போடுகிற மெத்தென்ற எம்.சி.ஆர். செருப்பு வாங்கி வந்தேன். தொட்டுக் கும்பிட்டுவிட்டுப் பரண்மேல் வைத்தாள். "காப்பு அவுத்ததும் போட்டுக்கிறேன், சாமி."

சத்துணவுக் கூடத்துக்கு வெறுங்காலோடு போகிறாள். நூற்றைம்பது பிள்ளைகளுக்குச் சமைக்கிறாள். அங்கே தரையெல்லாம் விறகுச் சிராய்.

மார்ச் 20

அம்மாவின் வலது குதிகாலில் கருவேல முள். தலை மட்டும் தெரிந்தது. ஊக்கை எடுத்து நெம்பினேன். அவள் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டே, வாத்தியார் மகள் ஓடிப்போன கதையைச் சொல்லிக்கொண்டிருந்தாள். முள் வெளியே வந்தது. விரல் நகத்தளவு நீளம். அவள் கதை நிற்கவில்லை.

காட்டினேன்.

"இது எப்படா ஏறுச்சு?" வாங்கிப் பார்த்தாள். முகம் மலர்ந்துவிட்டது. "பாத்தியா? விரதம் இருக்கேன்ல. ஆத்தா இப்பவே காலுக்குக் கீழ வந்து நின்னுக்கிட்டா."

மார்ச் 22

கருப்பசாமி மாமாவைப் பார்க்கப் போனேன். அம்மாவின் தம்பி. கோவில் கமிட்டியில் இருக்கிறார். அவர் ஒரு வார்த்தை சொன்னால் அம்மாவை வரிசையில் விட மாட்டார்கள்.

"மாமா, அம்மாவுக்குக் கால்ல உணர்ச்சியே இல்ல. தீயில எறங்குனா..."

"டேய். பூன்னு சொல்லு. வாய்க்கு வந்தத சொல்லாத."

"பூவுல எறங்குனா சுடுறது தெரியாது மாமா."

"தெரியாட்டி நல்லதுதானடா. தெரியக் கூடாதுன்னுதான இத்தன பேரு விரதம் இருக்கான்."

"சுடும், மாமா. தெரியாது, ஆனா சுடும்."

அவர் வெற்றிலையை மடித்து வாயில் வைத்தார். மெல்லுகிறவரைக்கும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அக்கா யாருக்காகடா எறங்குது?"

வீட்டுக்கு வந்துவிட்டேன்.

மார்ச் 25

தூக்கம் வருகிறது. பசிக்கிறது. இன்று மூன்று தோசை. அம்மா அடுப்பில் நின்றபடி கல்லைப் பார்த்துக் கும்பிட்டாள்.

இது மாத்திரையால். மூன்றாவது மாதத்தில் வேலை செய்ய ஆரம்பிக்கும் என்று சொல்லியிருந்தார்கள். அவளிடம் அதைச் சொல்லவில்லை.

மார்ச் 28

பூக்குழி.

கட்டைகளை எரித்துக் கங்காக்குவதற்கு இங்கே பூ வளர்ப்பது என்று பெயர். விடியற்காலையிலிருந்து வளர்த்தார்கள். சாயங்காலம் முறத்தால் சாம்பலை விசிறித் தள்ளியதும் குழி முழுக்கச் சிவப்பு. முகத்தைக் காட்ட முடியவில்லை. எல்லாரும் குளித்த ஈரத்தோடு வரிசையில் நின்றார்கள். அம்மா மஞ்சள் சேலையில், கையில் வேப்பிலை.

நான் பின்னால் இருந்தேன். கூட்டம். சரியாகத் தெரியவில்லை.

மற்றவர்கள் ஓடினார்கள். விரதம் இருந்தவர்கள், இருபது வருடமாக இறங்குகிறவர்கள், எல்லாருமே ஓடினார்கள். கால் பட்டதும் உடம்பு தானாகத் துள்ளியது. அந்தத் துள்ளலுக்குப் பெயர்தான் நரம்பு.

அம்மா நடந்தாள். மதியச் சாப்பாட்டு வாளியைத் தூக்கிக்கொண்டு வகுப்பு வகுப்பாகப் போவாளே, அந்த நடை. நடுக்குழியில் நின்றாள். நின்று, கோபுரத்தைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டாள். குலவைச் சத்தம் ஒரு கணம் அப்படியே அறுந்து, பிறகு ஊரே அலறியது.

அந்தப் பக்கம் பால் குழியில் இறங்கி ஏறியதும் பெண்கள் அவள் காலில் விழுந்தார்கள். ராக்கம்மா அத்தைகூட. ஈரக்காலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள்.

"எப்பிடி மதினி இருந்துச்சு?"

"பூவுதான்," என்றாள் அம்மா. "நெசமாவே பூவுதான்டி."

மார்ச் 29

அம்மா தூங்குகிறாள். நான் காலைப் பார்க்கவில்லை. போர்த்தியிருந்தாள்.

மார்ச் 31

காப்பு அவிழ்த்தாகிவிட்டது. வீட்டுக்கு ஆள் வந்துகொண்டே இருக்கிறார்கள். திருநீறு பூசிவிடச் சொல்லிப் பிள்ளைகளைத் தூக்கி வருகிறார்கள். அம்மா கட்டிலில் காலை மடக்கி, சேலைக்குள் இழுத்துக்கொண்டு உட்கார்ந்து பூசிவிடுகிறாள். எழுந்திருப்பதில்லை. வேலைக்கு லீவு சொல்லிவிட்டாள். அலுப்பு என்கிறாள்.

வீட்டில் மஞ்சள் வாடை. அதற்கடியில் வேறு ஏதோ.

ஏப்ரல் 2

காலையில் அம்மாவின் படுக்கையை நோக்கி எறும்பு வரிசை போனது. சுவரோரமாக வந்து, கட்டிலில் ஏறி, போர்வைக்குள் போனது.

போர்வையை விலக்கினேன். மஞ்சளும் வேப்பிலையும் அரைத்துக் கட்டிய துணி. அவிழ்த்தேன். அவள் விழித்துக்கொண்டாள், தடுக்கவில்லை.

இடது காலில் மேல்தோல் உரிந்திருந்தது. வலது உள்ளங்கால் கறுப்பு. ஓரங்களில் பச்சை. நான் விரலை வைத்து அழுத்தினேன். அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"யார்ட்டயும் சொல்லிராதடா."

"அம்மா, ஆஸ்பத்திரிக்குப் போகணும். இப்பவே."

"காலு சுட்டுருச்சுன்னு தெரிஞ்சா விரதத்துல குறைன்னு சொல்லுவாக. என்னயச் சொன்னாப் பரவாயில்ல. குறைன்னா நேத்தி சேராதுடா. சேராட்டி உனக்கு..."

முடிக்கவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவள் கை கொதித்தது. "ரெண்டு நாளு பொறு. ஆறிரும். வலியே இல்ல, பாரு."

வலியே இல்ல, பாரு.

ஏப்ரல் 3

குடிநீர் வரவில்லை. லாரியில் பிடித்தேன். அம்மாவுக்குக் கஞ்சி. குடிக்கவில்லை. துணி மாற்றினேன்.

ஏப்ரல் 4

உளறல். அப்பா பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். செத்துப் பத்து வருடமான மனிதர். மாமாவுக்குப் போன் செய்தேன்.

காரில் போகும்போது மாமா முன் சீட்டிலிருந்து திரும்பவே இல்லை. திருப்பரங்குன்றம் தாண்டியதும் திரும்பினார்.

"படிச்சவன்தானடா நீ? டாக்டரு உன்கிட்டதான சொன்னாரு?"

"உங்ககிட்ட சொன்னேனே மாமா."

"எங்கிட்ட சொன்ன. நாந்தான் கூறுகெட்டவன். அன்னைக்குக் குழிக்கிட்ட நின்னியே, அப்ப என்ன? அக்கா உன் தோளப் பிடிச்சுக்கிட்டுதானடா நின்னுச்சு? உன் தோள விட்டுட்டுத்தான எறங்குச்சு? அந்தக் கைய இறுக்கிப் பிடிக்க முடியலயா உனக்கு?"

டிரைவர் ஹாரன் அடித்தார். முன்னால் யாருமில்லை. பூக்குழி அன்றைக்கு நான் பின்னால் இருந்ததாக எழுதியிருக்கிறேன்.

ஏப்ரல் 5

முழங்காலுக்குக் கீழே எடுத்தாக வேண்டும். வலது. விஷம் மேலே ஏறிக்கொண்டிருக்கிறது. ஊசி மருந்தில் காய்ச்சல் இறங்கி நினைவு தெளிந்திருக்கிறது, ஆனால் அது காலைக் காப்பாற்றாது. இன்று அல்லது நாளை. அதற்குப் பிறகு ஆளைக் காப்பாற்ற முடியாது என்றார் சர்ஜன்.

அம்மா மாட்டேன் என்றாள். "நா செத்தாலும் முழுசாப் போறேன்."

மாமா அழுதார். "அக்கா, எனக்காகச் சரின்னு சொல்லு."

"நீ வெளிய போடா கருப்பா. மூக்க ஒழுகவிட்டுக்கிட்டு."

என்னிடம் சொன்னாள்: "கால எடுத்தா ஊரு என்ன சொல்லும்? ஆத்தா ஏத்துக்கிடலன்னு சொல்லும். அவ ஏத்துக்கிடலன்னா நீ என்னடா ஆவ?"

அப்போது நான் விளக்கினேன். இவ்வளவு நாளும் சொல்ல வராதது கோர்வையாக வந்தது. விரதத்தில் குறையில்லை. ஆத்தா கோபிக்கவில்லை. உன் காலில் நரம்பு வருடக்கணக்காகச் செத்துக் கிடந்தது. அதனால்தான் இழை தொட்டது தெரியவில்லை, முள் தெரியவில்லை, தீயும் தெரியவில்லை. எல்லாரையும் போலச் சுட்டிருந்தால் நீயும் ஓடியிருப்பாய், இந்த அளவுக்கு வெந்திருக்காது. இது ஒரு நோய். இதற்குப் பெயர் இருக்கிறது. பெயரையும் சொன்னேன்.

கவனமாகக் கேட்டாள். புரிந்துகொண்டாள். அவள் அவ்வளவு நன்றாகப் புரிந்துகொள்வாள் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

"அப்ப நா உனக்காக ஒண்ணுமே படலியா?"

நான் விரிப்பின் ஓரத்தை இழுத்துவிட்டேன்.

"வலிக்காம நடந்தா அது என்னடா நேத்தி? எங்க பள்ளிக்கூடத்துப் பிள்ளைககூட நடந்துரும்."

சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். அதன்பிறகு யாரோடும் பேசவில்லை. தண்ணீர் கொடுத்தால் உதட்டை இறுக்கிக்கொண்டாள்.

அவளிடம் இருந்த ஒன்றே ஒன்றை, அகராதியைக் கொண்டு பிடுங்கிவிட்டேன்.

ஏப்ரல் 6, காலை

சர்ஜன் வந்து பார்த்தார். விஷம் ஏறும் சிவப்புக் கோடு முழங்காலை நெருங்கிவிட்டது. மத்தியானத்துக்குள் சொல்லுங்கள் என்றார்.

ஏப்ரல் 6, பிறகு

நடந்ததை நடந்தபடி எழுதிவைக்கிறேன்.

பதினொரு மணி வாக்கில் அம்மா திரும்பிப் படுத்தாள். கண் உள்ளே போயிருந்தது.

"பாண்டி. நீ நல்லாயிட்டியா?"

"நல்லாயிட்டேம்மா."

"மூணு தோச தின்னயில்ல."

"ஆமாம்மா."

"அப்ப கையில அடி." உள்ளங்கையை நீட்டினாள். "நல்லாயிட்டேன்னு சத்தியம் பண்ணு. வலிச்சுதோ வலிக்கலயோ, ஆத்தா குடுத்துட்டான்னு நா எடுத்துக்கிறேன். கால வெட்டிக்கட்டும்."

இவ்வளவுதான். ஒரு அடி. கால் போகும், அம்மா இருப்பாள். நான் கையைத் தூக்கினேன். இறக்க முடியவில்லை. பொய்ச் சத்தியத்தில் எனக்கு நம்பிக்கை கிடையாது, மெய்ச் சத்தியத்திலும் கிடையாது. ஆனால் அவள் உள்ளங்கை அங்கே காத்திருந்தது. அதன் மேல் நல்லாயிட்டேன் என்று வைக்க என்னிடம் எதுவும் இல்லை.

"முடியலம்மா," என்றேன். "நல்லாகல. கொஞ்சம் பரவாயில்ல. சில நாளு அதுவும் இல்ல. காலையில எந்திரிக்கிறப்ப எதுக்கு எந்திரிச்சோம்னு இருக்கு."

அம்மா கையை எடுக்கவில்லை.

"அன்னைக்கு அந்த விடுதி மாடியில நின்னப்ப எனக்கு ஒண்ணுமே தெரியலம்மா. பயம் தெரியல. உன் ஞாபகம்கூட வரல. ஒண்ணுமே படல."

"காலு மாதிரி," என்றாள் அம்மா.

"ஆமா."

பக்கத்துக் கட்டிலில் யாரோ டிபன் கேரியரைத் திறந்தார்கள். அம்மா கூரையைப் பார்த்துக்கொண்டு யோசித்தாள். சத்துணவுக் கூடத்தில் அரிசி குறைந்தால் இப்படித்தான் யோசிப்பாள்.

"சரி. நல்லாயிட்டேன்னு சொல்ல வேணாம். என்ன சொல்ல முடியுமோ அத சொல்லு."

"திரும்பப் போக மாட்டேன்."

"எங்க?"

"மாடிக்கு."

"போகணும்னு தோணுச்சுன்னா?"

"உங்கிட்ட வந்து சொல்றேன்."

"டாக்டருட்டயும் சொல்லணும். மாத்திரய நாக்குக்கடியில வச்சிக்கிட்டுத் துப்பக் கூடாது. எனக்குத் தெரியும்."

"சரிம்மா."

"அடி."

அடித்தேன். சத்தம் பெரிதாகக் கேட்டது. நர்ஸ் திரும்பிப் பார்த்தார்.

"அந்தப் பேனாவக் குடுக்கச் சொல்லு," என்றாள் அம்மா. சம்மதப் படிவத்தில் பெயரை எழுத்துக் கூட்டி எழுதினாள். செல்லத்தாய்.

ஏப்ரல் 7

எடுத்துவிட்டார்கள். உயிருக்கு இன்னும் உறுதி சொல்லவில்லை. மாமா வாசலில் டீக்கடையிலேயே நிற்கிறார்.

வெட்டிய காலை எங்களிடம் கொடுத்தார்கள். புதைக்க வேண்டுமாம். பிளாஸ்டிக் பையில் இவ்வளவு கனம் இருக்கும் என்று தெரியாது. மாமா வாங்க மாட்டேன் என்றார். நான் வாங்கிக்கொண்டேன்.

ஏப்ரல் 9

காய்ச்சல் விட்டது. அரை இட்லி. என் மாத்திரையைத் தன் கண் முன்னால் விழுங்கச் சொல்லி, வாயைத் திறந்து காட்டச் சொன்னாள்.

ஏப்ரல் 12

மத்தியானம் அம்மா கத்தினாள். மாமா தட்டைப் போட்டுவிட்டு ஓடிவந்தார்.

"சுடுதுடா பாண்டி! சுடுது!"

"எங்கம்மா?"

"காலு!"

"எந்தக் காலு?"

விரிப்பைப் பார்த்தாள். இடது பக்கம் மேடு. வலது பக்கம் முழங்காலுக்குக் கீழே தட்டையாகக் கிடந்தது.

"அந்தக் காலுதான்டா!"

டியூட்டி டாக்டர் வந்தார். இப்படி வருமாம். இல்லாத காலை மூளை தேடுமாம். ஊசி போடச் சொன்னார். இதற்கும் ஒரு சொல் வைத்திருக்கிறார்கள். சொன்னார். எழுதிக்கொள்ளவில்லை.

ஊசி வேலை செய்ய நேரமாகும். அம்மா கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு துடித்தாள். வியர்வையில் ரவிக்கை நனைந்துவிட்டது.

"உள்ளங்காலு பூராம் கங்கு மேல நிக்கிற மாதிரி இருக்குடா. எல்லாம் தெரியுது. பெருவிரலு தனியாத் தெரியுது. குதிகாலு தனியாத் தெரியுது. ஆத்தாடி, இப்பிடியா சுடும்! எல்லாரும் இதுலயா ஓடுனாக!"

கண்ணீர் காதுக்குள் ஓடியது. என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். அவ்வளவு பக்கத்தில் அவள் முகத்தை நான் பார்த்ததில்லை.

"இப்பப் பட்டுட்டேன்ல?"

"பட்டுட்டம்மா."

"அப்ப கணக்குச் சரியாப் போச்சுல்ல?"

"சரியாப் போச்சு."

"ஊதிவிடுடா."

நான் கால்மாட்டுக்குப் போனேன். வெறும் விரிப்பின் மேல் கையை வைத்தேன்.

"அங்கிட்டு இல்ல. இன்னும் கீழ."

நகர்த்தினேன்.

"ம். அங்கதான்."

எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். குனிந்து ஊதினேன். விரிப்பு லேசாக அசைந்தது. அம்மா மூச்சை இழுத்துவிட்டாள். மறுபடியும் ஊதினேன்.